அயுத்தயாவுக்கு ஒருநாள் சுற்றுலா: வருகிறவர்கள் எல்லாரும் கேட்கும் கேள்விகள்

பாங்காக்கில் குடியிருப்பவர்கள் வீட்டுக்கு விருந்தாளிக்குக் குறைவே இருக்காது. வந்தவர்கள் முதல் மூன்று நாள் சந்தை, கடல், சஃபாரி என்று சுற்றுவார்கள். நாலாம் நாள் காலையில் காபி டம்ளரோடு உட்கார்ந்து, "அந்தப் பழைய தலைநகரம் ஏதோ இருக்காமே, போயிட்டு வந்துடலாமா?" என்பார்கள். அதன்பிறகு வரும் கேள்விகள் எனக்கு மனப்பாடம். பதிலும்தான். ஒவ்வொருவருக்கும் வாட்ஸப்பில் குரல்பதிவு அனுப்பி அலுத்துப்போய் எல்லாவற்றையும் ஒரே இடத்தில் எழுதி வைத்துவிட்டேன். கேள்விகளை அவர்கள் கேட்டபடியே விட்டிருக்கிறேன்.

அயுத்தயா பாங்காக்குக்குள்ளயே இருக்கா, வேற ஊரா?

வேறு ஊர். பாங்காக்கிலிருந்து வடக்கே ஏறத்தாழ 80 கிலோமீட்டர். சாவ் பிரயா, பா சாக், லொப்புரி என்ற மூன்று ஆறுகள் சுற்றி ஓட, நடுவில் தீவு மாதிரி கிடக்கும் ஊர். 1350 வாக்கில் ஊ தோங் என்ற மன்னன் இங்கே தலைநகரை அமைத்தான். 1767 ஏப்ரலில் பர்மியப் படை நகரைக் கொளுத்தும் வரை, நானூறு ஆண்டுகளுக்கு மேல் சயாமின், அதாவது பழைய தாய்லாந்தின், தலைநகரம் இதுதான். பாங்காக் தலைநகரானது 1782இல். அதற்கு முன் நடுவே ஒரு பதினைந்து வருடம் ஆற்றின் மறுகரையில் இருக்கும் தோன்புரி.

ஹம்பி போனவர்களுக்குச் சட்டென்று பிடிபடும். அங்கே கருங்கல், இங்கே செங்கல். யுனெஸ்கோ உலகப் பாரம்பரியப் பட்டியலில் 1991இல் சேர்த்தார்கள். இடிபாடுகளுக்கு நடுவில் பள்ளிக்கூடம், சந்தை, மருத்துவமனை என்று ஊர் இன்றும் நடந்துகொண்டிருக்கிறது. போக்குவரத்து சிக்னலில் நிற்கும்போது பக்கத்தில் அறுநூறு வருடத்துக் கோபுரம் ஒன்று நிற்கும்.

ஒரு நாள் போதுமா?

நாலைந்து இடங்களை நன்றாகப் பார்க்கப் போதும். எல்லாவற்றையும் பார்க்க மூன்று நாளும் போதாது. ஒரே நாளில் எட்டு இடம் காட்டுகிறேன் என்று விளம்பரம் செய்யும் டூரில் மட்டும் ஏறாதீர்கள். இடத்துக்கு இருபது நிமிடம், அதில் பத்து நிமிடம் கழிப்பறை வரிசையில் போய்விடும்.

கைடு எதுக்கு? கூகுள் மேப் வெச்சு நாங்களே சுத்திடுவோமே?

வழி கண்டுபிடிக்கக் கைடு தேவையில்லை. ஊர் தட்டையானது, பலகைகள் தெளிவாக இருக்கின்றன, மணிக்கணக்கில் சைக்கிள் வாடகைக்குக் கிடைக்கும். கைடு தேவைப்படுவது வேறு விஷயத்துக்கு. அயுத்தயாவில் கண்ணுக்குத் தெரிவது பெரும்பாலும் செங்கல் அடித்தளம், பாதித் தூண், சாய்ந்த ஸ்தூபி. மேலே இருந்த மரக்கூரை எரிந்துபோயிற்று, சுதை உதிர்ந்துவிட்டது, தங்கம் உருகிவிட்டது. அந்த வெறும் மேடையின் மேல் என்ன நின்றது என்று சொல்ல ஆள் இல்லாவிட்டால் மூன்றாவது கோயிலில் உங்கள் வீட்டுப் பிள்ளைகள் போனை எடுத்துவிடுவார்கள்.

நான் முதல்முறை கைடு இல்லாமல் போனேன். நிறைய படம் எடுத்தேன். வீட்டுக்கு வந்து பார்த்தால் எது எந்தக் கோயில் என்று எனக்கே தெரியவில்லை. இரண்டாம் முறை ஒரு வயதான அம்மா கைடாக வந்தார். ஒரு வெற்று மேடையைக் காட்டி, "இங்கே பதினாறு மீட்டர் உயரத்தில் ஒரு புத்தர் நின்றார், உடம்பெல்லாம் பொன்" என்று சொல்லிவிட்டு அண்ணாந்து பார்த்தார். நாங்கள் ஏழு பேரும் அண்ணாந்து பார்த்தோம். அங்கே ஒன்றுமே இல்லை. ஆனால் இன்னும் மறக்கவில்லை.

ரயில்ல போனா ரொம்ப சீப்னு சொல்றாங்களே?

உண்மைதான். மூன்றாம் வகுப்பு சாதாரண ரயிலில் 20 பாட் அளவில்தான் ஆகும். ஒரு பாட் ஏறத்தாழ இரண்டரை, மூன்று இந்திய ரூபாய் என்று வைத்துக்கொள்ளுங்கள். ஒன்றரை மணியிலிருந்து இரண்டு மணி நேரப் பயணம், ஏசி கிடையாது, ஜன்னல் காற்றும் தின்பண்டம் விற்பவர்களும் உண்டு. ஸ்டேஷன் பா சாக் ஆற்றுக்குக் கிழக்கே இருக்கிறது. எதிர்த் தெருவில் நேரே நடந்தால் படகுத்துறை, சில பாட் கொடுத்தால் தீவுக்குக் கொண்டுபோய் விடுவார்கள்.

எனக்குப் பிடித்த ஏற்பாடு இரண்டையும் கலந்தது. ரயிலில் போய், அங்கே உள்ளூர் கைடை அரைநாளுக்கு முன்பதிவு செய்துகொண்டு, ஒரு டுக்டுக் வாடகைக்கு எடுப்பது. அயுத்தயா டுக்டுக் பாங்காக்கில் ஓடுவது போல இருக்காது, முன்பக்கம் தவளை மூஞ்சி மாதிரி உருண்டிருக்கும். ஆனால் வயதானவர்கள், கைக்குழந்தை, ஏப்ரல் மாதம் இந்த மூன்றில் ஒன்று இருந்தாலும் வாசலிலேயே ஏற்றி இறக்கும் வேன் டூர்தான் சரி.

டூர் எவ்வளவு ஆகும்? எதைப் பார்த்து புக் பண்ணணும்?

பலரோடு சேர்ந்து போகும் வேன் டூர் ஆளுக்கு ஆயிரம், ஆயிரத்தைந்நூறு பாட்டிலிருந்து ஆரம்பிக்கும். திரும்பும் வழியில் படகும் பஃபே சாப்பாடும் சேர்ந்தால் இரண்டாயிரத்தைத் தாண்டும். நாலைந்து பேர் குடும்பமாக வந்தால் தனி வண்டி, தனி கைடு கணக்குப் போட்டுப் பாருங்கள், தலைக்கு வித்தியாசம் அவ்வளவு இராது.

விலைக்கு முன்னால் மூன்று விஷயம் பார்ப்பேன். எத்தனை இடம் நிற்கிறார்கள். குழுவில் எத்தனை பேர். மதியம் ஒரு மணி வெயிலில் எங்கே இருப்போம். மூன்றாவது கேள்விக்கு "சாப்பாட்டு மேசையில்" என்று பதில் வந்தால் அந்த டூரை நடத்துபவருக்கு விவரம் இருக்கிறது என்று அர்த்தம்.

நுழைவுச் சீட்டு டூர் காசுல சேர்ந்ததா?

சிலதில் சேரும், சிலதில் சேராது. புக் செய்யும் முன் எழுத்தில் கேட்டு வாங்குங்கள். வெளிநாட்டவருக்குப் பல வருடங்களாகக் கோயிலுக்கு 50 பாட், ஆறு கோயிலுக்குச் சேர்த்து 220 பாட் என்று கூட்டுச்சீட்டு இருந்தது. அரசு கட்டணத்தை அவ்வப்போது மாற்றும், வாசல் பலகையில் இருப்பதே இறுதி. தாய்லாந்துக்காரர்களுக்குக் கட்டணம் மிகக் குறைவு. அதைப் பார்த்துக் கவுன்டரில் சண்டை போட்ட மாமா ஒருவர் எங்கள் குடும்பத்தில் உண்டு. தாஜ்மகாலில் வெள்ளைக்காரர் எவ்வளவு கட்டுகிறார் என்று கேட்டதும் அடங்கினார்.

தமிழ்ல பேசுற கைடு கிடைப்பாரா? இல்லேன்னா எங்க டூர் மேனேஜரே சொல்லிடுவாரே?

தாய்லாந்தில் சுற்றுலா வழிகாட்டி வேலை சட்டப்படி அந்நாட்டுக் குடிமக்களுக்கு ஒதுக்கப்பட்டது. உரிமம் பெற்றவர் கழுத்தில் அட்டை தொங்கும். அதனால் தமிழ் பேசும் கைடு அபூர்வம். சென்னையிலிருந்து கூடவே வரும் மேனேஜர் அறை ஒதுக்கலாம், தலை எண்ணலாம், தயிர்சாதத்துக்கு ஏற்பாடு செய்யலாம். கோயிலுக்குள் நின்று கைடு மாதிரி விளக்கம் சொன்னால் வம்பில் மாட்டுவார். உரிமம் உள்ள தாய்லாந்து கைடு ஆங்கிலத்தில் சொல்ல, உங்களில் ஒருவர் பாட்டிக்குத் தமிழில் சொன்னால் யாரும் ஒன்றும் சொல்லப்போவதில்லை.

ஆங்கில உச்சரிப்பு முதல் அரைமணி புரியாது. தாய்லாந்துக்காரர்களுக்குச் சொல்லின் கடைசி மெய் பெரும்பாலும் தொண்டையிலேயே நின்றுவிடும். பிறகு காது பழகிவிடும்.

எந்த மாசம் வர்றது நல்லது?

நவம்பர் கடைசியிலிருந்து பிப்ரவரி வரை. மார்ச்சிலிருந்து மே வரை செங்கல் சூளைக்குள் நடப்பது மாதிரி இருக்கும், நிழல் குறைவு. மழைக்காலத்தில் பெய்தால் ஒரு மணி நேரம் கொட்டிவிட்டு விட்டுவிடும், பச்சைப் புல்லுக்கு நடுவே செங்கல் நிறம் தூக்கலாகத் தெரியும். எனக்குப் பிடித்த மாதம் ஜூலை.

கவனிக்கவேண்டியது செப்டம்பர் பின்பாதியும் அக்டோபரும். மேலே வடக்கில் பெய்த மழை ஆற்றில் இறங்கி வரும் காலம் அது. 2011 வெள்ளத்தில் கோயில்கள் பலவும் தண்ணீரில் நின்றன. ஆற்றங்கரையில் இருக்கும் வாட் சாய்வத்தனாராமில் (வாட் என்றால் கோயில்) தண்ணீர் ஏறும்போது தடுப்புச்சுவரை நிமிர்த்தி நிறுத்துவார்கள். அந்த மாதங்களில் வருவதாக இருந்தால், நீர்மட்டம் ஏறி ரத்தானால் பணம் திரும்புமா என்று முன்பே கேட்டுக்கொள்ளுங்கள்.

ஷார்ட்ஸ் போட்டா உள்ள விடமாட்டாங்களா?

தோளும் முழங்காலும் மூடியிருக்கட்டும். இடிபாடுகளில் கொஞ்சம் தளர்வாக விடுவார்கள், வழிபாடு நடக்கும் கோயிலிலும் பாங் பா இன் அரண்மனையிலும் விடமாட்டார்கள். சுடிதார், வேட்டி எதுவும் பிரச்சினை இல்லை, லுங்கி மட்டும் வேண்டாம். கழற்றிப் போட வசதியான செருப்பு, தொப்பி, குடை. பெண்கள் பிக்குவைத் தொடக்கூடாது, அவர் கையில் நேரடியாக எதையும் கொடுக்கவும் கூடாது.

மரத்துக்குள்ள ஒரு புத்தர் தலை இருக்கே, அது எப்படி உள்ள போச்சு?

அது வாட் மகாதாட். மகாதாது என்ற சொல்தான், புத்தரின் தாது வைத்த கோயில். 1374இல் தொடங்கிய கட்டடம். போரில் அழிந்து ஆள் நடமாட்டம் இல்லாமல் கிடந்த காலத்தில், கீழே விழுந்து கிடந்த ஒரு தலையைச் சுற்றி மரத்தின் வேர் வளர்ந்துகொண்டது. திருடன் ஒருவன் தூக்கிக்கொண்டு போகும்போது கனம் தாங்காமல் அங்கே வைத்துவிட்டுப் போனான் என்று ஒரு கதையும் சொல்வார்கள். கைடைக் கேட்டால் அவருக்குப் பிடித்ததைச் சொல்வார்.

படம் எடுக்கும்போது உட்கார்ந்துகொள்ளவேண்டும். உங்கள் தலை புத்தர் தலைக்கு மேலே இருக்கக்கூடாது, தலை தரையை ஒட்டி இருப்பதால் குந்தினால்தான் சரியாக வரும். காவலாளி பார்த்துக்கொண்டே இருப்பார். காலை ஒன்பதரைக்குமேல் அங்கே கூட்டம், எட்டு மணிக்குக் கதவு திறந்ததும் போய்விட்டால் நீங்களும் மரமும் மட்டும்தான்.

சரி, மத்த சிலைக்கெல்லாம் ஏன் தலையே இல்ல? பர்மாக்காரங்க வெட்டினதா?

பாதி உண்மை. 1767இல் நகரம் எரிந்தபோது சிலைகள் உடைந்தன, மேலே பூசிய பொன்னை உருக்கி எடுத்தார்கள். ஆனால் அதற்குப் பிறகு நூற்றைம்பது வருடத்துக்குமேல் ஊர் திறந்து கிடந்தது. சிலைக்குள்ளும் ஸ்தூபிக்குள்ளும் புதையல் தேடி உடைத்தவர்கள் உண்டு. பழம்பொருள் சந்தையில் முழுச் சிலையைவிடத் தலையைக் கொண்டுபோய் விற்பது சுலபம் என்று அறுத்தெடுத்தவர்களும் உண்டு. செங்கல்லைக்கூட விடவில்லை. இன்றைய அரச வம்சத்தின் முதல் மன்னன் முதலாம் ராமா பாங்காக்கைக் கட்டியபோது இங்கிருந்து படகு படகாகச் செங்கல் போயிற்று. எல்லாப் பழியையும் ஒரே படையின்மேல் போடும் கைடு கொஞ்சம் சோம்பேறி என்று எடுத்துக்கொள்ளலாம்.

இதற்கு நல்ல சாட்சி வாட் ராச்சபுரானா. பட்டத்துக்காக யானைமேல் மோதி இரண்டு அண்ணன்களும் செத்துப்போக, மூன்றாவது தம்பிக்கு அரியணை கிடைத்தது. அண்ணன்களை எரித்த இடத்தில் 1424இல் அவன் கட்டிய கோயில் இது. கோபுரத்தின் அடியில் இருந்த நிலவறையை 1957இல் திருடர்கள் உடைத்துப் பொன் எடுத்தார்கள். அதன்பிறகு தொல்லியல் துறை இறங்கி மிச்சத்தை மீட்டது. தங்க வாள், தங்க யானை எல்லாம் பக்கத்தில் இருக்கும் சாவ் சாம் பிரயா அருங்காட்சியகத்தில் இருக்கின்றன. டூர்கள் இந்த அருங்காட்சியகத்தைத் தாண்டிப் போய்விடும், தனி வண்டி என்றால் நீங்கள் நிறுத்தச் சொல்லலாம்.

தலையில்லாத சிலைக்குப் பின்னால் நின்று தன் தலையை வைத்துப் படம் எடுப்பது சிலருக்கு வேடிக்கை. செய்யாதீர்கள். அங்கே அது நம் வீட்டுப் பூஜையறையில் காலை நீட்டுவதற்குச் சமம்.

எல்லாமே ஒரே மாதிரி செங்கல்தானே? எதைப் பார்க்கலாம், எதை விட்டுடலாம்?

உண்மையான கேள்வி இதுதான், பலரும் கேட்கக் கூச்சப்படுவார்கள். முதலில் ஒரு சின்ன அடையாளம். கதிர் மாதிரி, சோளக்கதிரை நட்டுவைத்த மாதிரி நிற்பது பிராங், கெமர், அதாவது பழைய கம்போடியப் பாணி. மணியைக் கவிழ்த்த மாதிரி இருந்து மேலே கூராகப் போவது செடி, சைத்தியம் என்ற சொல்லின் தாய்லாந்து வடிவம், இலங்கை வழி வந்த பாணி. இந்த இரண்டும் பிடிபட்டால் பாதி ஊர் பிடிபட்டுவிடும்.

விடக்கூடாதது வாட் பிரா சி சன்பெட். அரண்மனை வளாகத்துக்குள் அரசருக்கென்றே இருந்த கோயில், பிக்குகள் குடியிருக்கவில்லை. பாங்காக்கில் மரகத புத்தர் கோயில் கட்ட இதுவே மாதிரி. வரிசையாக நிற்கும் மூன்று செடிகளில் மூன்று அரசர்களின் அஸ்தி இருந்தது. நாங்கள் ஏழு பேர் அண்ணாந்து பார்த்தோம் என்றேனே, அந்த மேடை இங்கேதான். 1500இல் நிறுவிய அந்தப் புத்தரின் பொன்னை 1767இல் தீயிட்டு உருக்கி எடுத்தார்கள்.

அடுத்தது வாட் சாய்வத்தனாராம். 1630இல் பிரசாத் தோங் மன்னன் தன் தாய் நினைவாக ஆற்றின் மேற்குக் கரையில் கட்டியது. நடுவே உயரமான பிராங், சுற்றிலும் சிறியவை, மேரு மலை அமைப்பு. மாலை நாலரைக்குமேல் வெயில் சாயும்போது இங்கே இருக்கவேண்டும். காலையிலேயே இதைக் காட்டி முடிக்கும் டூர் வேண்டாம். 2018இல் வந்த ஒரு தாய்லாந்துத் தொலைக்காட்சித் தொடருக்குப் பிறகு இளம்பெண்கள் பழங்கால உடை வாடகைக்கு எடுத்து இங்கே படமெடுக்க வருகிறார்கள். பட்டுப்பாவாடை கட்டின கல்யாணக் கூட்டம் போல இருக்கும், பார்க்க அழகுதான்.

மூன்றாவதாக வாட் யாய் சாய் மொங்கோன். பெயரின் கடைசிப் பகுதியைக் காதில் வாங்கிப் பாருங்கள், ஜயமங்கலம். 1593இல் நரேசுவன் மன்னன் யானைப் போரில் பர்மிய இளவரசனை வீழ்த்தியதோடு இதன் பெரிய செடியைச் சேர்த்துச் சொல்வார்கள். மஞ்சள் துணி போர்த்திய புத்தர்கள் வரிசை கட்டி உட்கார்ந்திருப்பார்கள். பின்னால் நரேசுவன் சன்னதியில் ஆளுயரச் சேவல் பொம்மைகள், அவருக்குச் சேவல் சண்டை பிடிக்குமாம். வேண்டுதல் பலித்தவர்கள் சேவல் வைக்கிறார்கள். நம் ஊர் மண்குதிரை மாதிரி.

நேரமிருந்தால் வாட் பனான் சோங். 1324இல் அமைத்த 19 மீட்டர் உயரப் புத்தர், அதாவது தலைநகர் வருவதற்கு முன்பே அங்கே உட்கார்ந்திருந்தவர். அவருக்குப் போர்த்தும் துணியைப் பக்தர்கள் கீழே நின்று பிடித்துக்கொள்ள மேலே இழுத்துப் போர்த்துவார்கள். நான் விடச் சொல்வது பள்ளிகொண்ட புத்தரை. பேருந்து மூன்றை வரிசையாக நிறுத்தின நீளம், வெட்டவெளி, ஐந்து நிமிடம். பெரும்பாலான டூரில் அதை எப்படியும் சேர்த்திருப்பார்கள்.

நாங்க சுத்த சைவம். சாப்பாட்டுக்கு என்ன பண்றது?

மஞ்சள் கொடியில் சிவப்பாக ஒரு எழுத்து இருக்கும் கடையைத் தேடுங்கள். "ஜே" என்று சொல்வார்கள். சீன வழி வந்த சைவம், வெங்காயம் பூண்டு கூட இருக்காது. "மங்சவிராட்" என்றால் சாதாரண சைவம். மாம்ச விரதி, அதேதான், ஆனால் அதில் முட்டை வரலாம். வெறுமனே வெஜிடபிள் என்று கேட்டால் காய்கறியைப் போட்டு மேலே மீனை உப்பில் ஊறவைத்து எடுத்த சாறு, அதாவது நாம் பிளா, ஊற்றிவிடுவார்கள். "மாய் சாய் நாம் பிளா", அதாவது நாம் பிளா ஊற்றவேண்டாம், என்று சொல்லக் கற்றுக்கொள்ளுங்கள். டூரில் சாப்பாடு சேர்ந்திருந்தால் புக் செய்யும்போதே எழுதிவிடுங்கள், அப்படியும் பையில் ஊறுகாயும் சப்பாத்தியும் இருக்கட்டும். வாழைப்பழமும் இளநீரும் எங்கும் உண்டு.

மீன் சாப்பிடுபவர்களுக்கு இந்த ஊர் சொர்க்கம். கை நீளத்துக்கு ஆற்று இறாலைச் சுட்டு இரண்டாகப் பிளந்து தருவார்கள். விலையை முதலில் கேளுங்கள், எடைக்கணக்கு.

அம்மாவுக்கு முட்டி வலி. கூட்டிட்டு வரலாமா?

வரலாம். கீழே நடக்கும் பாதை பெரும்பாலும் சமதளம், புல், செங்கல் தரை. படிகள்தான் செங்குத்து, அவற்றை ஏறாமலே பார்க்கலாம். வாட் ராச்சபுரானாவின் நிலவறைப் படி மட்டும் முட்டி நன்றாக இருப்பவர்களுக்கே கஷ்டம். இடையில் டுக்டுக் வைத்துக்கொள்ளுங்கள். எங்கள் அம்மா இரண்டு கோயிலில் இறங்கவே இல்லை, மரத்தடியில் உட்கார்ந்து தேங்காய் ஐஸ்கிரீம் சாப்பிட்டுக்கொண்டு போகிற வருகிறவர்களைப் பார்த்தார். இன்றுவரை அந்த நாளைத்தான் பேசுவார்.

யானை சவாரி பண்ணலாமா?

தீவின் நடுவிலேயே யானை முகாம் இருக்கிறது. என் பதில் வேண்டாம். நண்பகல் வெயிலில், தார்ச்சாலையில், முதுகில் நாற்காலியும் இரண்டு பேரும். யானையோடு ஊருக்கு இருந்த உறவு தெரியவேண்டுமானால் தீவுக்கு வெளியே வடகிழக்கில் பழைய யானைக் கொட்டடி இருக்கிறது. பெரிய பெரிய மரத்தூண்களை நட்டு, காட்டு யானையை அதற்குள் ஓட்டிப் பிடிப்பார்கள், அரசர் உட்கார்ந்து பார்ப்பார். அங்கே கூட்டமே இருக்காது.

பாங் பா இன் அரண்மனை சேர்ந்த டூரா, படகுல திரும்புற டூரா, எது பெஸ்ட்?

பாங் பா இன் அயுத்தயா காலத்தில் தொடங்கினாலும் இன்று பார்ப்பது பெரும்பாலும் ஐந்தாம் ராமா காலத்து, 19ஆம் நூற்றாண்டுக் கட்டடங்கள். குளத்து நடுவே தாய்லாந்துப் பாணி மண்டபம், சீன மாளிகை, ஐரோப்பியப் பாணி மாடம். அழகான தோட்டம். ஆனால் இதற்கு ஒன்றரை மணி நேரம் போனால் சாய்வத்தனாராமின் மாலை போய்விடும். நான் கோயிலுக்கே ஓட்டுப் போடுவேன். குழந்தைகள் அதிகம் என்றால் அரண்மனை.

படகில் சாப்பிட்டுக்கொண்டே திரும்புவது சொகுசு. ஆற்றில் இழுவைப் படகுகள் மணல் ஏற்றிப் போவதைப் பார்க்கலாம். ஆனால் படகு பிடிக்க அவசரப்படுத்தி மதியத்துக்குள் அயுத்தயாவை முடித்துவிடுவார்கள்.

இதுதான் ராமர் பிறந்த அயோத்தியா?

இல்லை. பெயர் அங்கிருந்து வந்தது, வெல்லமுடியாதது என்று பொருள். ராமகதை தென்கிழக்காசியா முழுக்கப் பரவியிருந்தது. நகரை அமைத்த ஊ தோங் முடிசூடியதும் வைத்துக்கொண்ட பெயர் ராமாதிபோதி, ராமாதிபதி. பிறகு வந்தவர்களில் திரைலோக்கநாத், நரேசுவன், நாராய் எல்லாம் திரைலோக்கியநாதன், நரேசுவரன், நாராயணன். பாங்காக்கின் நீண்ட முழுப் பெயருக்குள்ளும் அயுத்தயா என்ற சொல் இருக்கிறது. இன்றைய அரச வம்சத்தவரை ராமா என்று எண்ணிட்டுச் சொல்வதும் இந்த வழியில்தான். மதம் தேரவாத பௌத்தம், அரசசபைச் சடங்குகளில் பிராமணர்கள். இரண்டும் ஒன்றோடொன்று இடிக்கவில்லை.

ராஜேந்திர சோழன் பிடிச்ச ஊருன்னு ஒரு மெசேஜ் வந்துச்சே?

அந்தச் செய்தியை எனக்கும் அனுப்பியிருக்கிறார்கள், நாலைந்து பேர். ராஜேந்திரனின் கடற்படை போனது 1025 வாக்கில். அயுத்தயா தலைநகரானது அதற்கு முந்நூறு வருடத்துக்குப் பிறகு. இல்லாத தலைநகரை எப்படிப் பிடிப்பது? அவன் மெய்க்கீர்த்தியில் வரும் மாதமாலிங்கம் என்ற ஊரை தென் தாய்லாந்தின் நகோன் சி தம்மராட் என்று ஆய்வாளர்கள் அடையாளம் காண்கிறார்கள். அது இங்கிருந்து பல நூறு கிலோமீட்டர் தெற்கே.

அப்போ தமிழுக்கும் இந்த ஊருக்கும் சம்பந்தமே இல்லையா?

படையெடுப்பைவிட சுவாரசியமான சம்பந்தங்கள் உண்டு. ஒன்று துணி. சோழமண்டலக் கரையில் சயாம் சந்தைக்கென்றே சயாம் விருப்பப்பட்ட வடிவங்களை வரைந்து சாயமேற்றிய பருத்தித் துணிகள் கப்பலேறி வந்தன. அரசர் தம் அதிகாரிகளுக்குத் தகுதிக்கேற்ப அவற்றைக் கொடுப்பார். போர்ச்சுகீசியர், டச்சுக்காரர், ஜப்பானியர் என்று ஒவ்வொருவருக்கும் தீவுக்கு வெளியே தனித்தனிக் குடியிருப்பு இருந்த வியாபார நகரம் இது. பாரசீகரும் இந்தியரும் அந்தக் கூட்டத்தில் உண்டு.

இன்னொன்று பாட்டு. அரசவைப் பிராமணர்கள் தென்னிந்தியாவிலிருந்து வந்த மரபினர். அவர்கள் நடத்தும் சடங்கின் பெயர் திரியம்பவாய், திரிபவாய். திருவெம்பாவை, திருப்பாவை. ஊஞ்சல் கட்டி ஆடும் விழாவாக இருந்தது. பாங்காக்கில் ராட்சத ஊஞ்சல் என்று சிவப்புத் தூண்கள் நிற்கின்றனவே, அது அதற்காகத்தான். ஆடுவது 1930களில் நின்றது, பக்கத்துத் தேவஸ்தானத்தில் பாடுவது நிற்கவில்லை. உச்சரிப்பு மாறி மாறி இன்று தமிழர் காதுக்கே பிடிபடாது. அயுத்தயா முடிந்து மறுநாள் அங்கே போய்ப் பாருங்கள், இந்த ஊரின் தொடர்ச்சி அது.

கண்டியிலயிருந்து வாறோம். எங்க ஊரோட சம்பந்தப்பட்ட இடம் ஒண்டு இருக்காமே?

இருக்கிறது, டூர்க்காரர்கள் சொல்வதில்லை. வாட் தம்மாராம், தீவுக்கு மேற்கே ஆற்றுக்கு அக்கரையில். பதினெட்டாம் நூற்றாண்டு நடுவில் இலங்கையில் முறையான உபசம்பதா, அதாவது முழுத் துறவு தீட்சை, பெற்ற பிக்குகளே இல்லாமல் போனார்கள். அப்போது கண்டியை ஆண்டவர் கீர்த்தி ஸ்ரீ ராஜசிங்கன், மதுரை நாயக்கர் வழிவந்தவர். அவர் அயுத்தயாவுக்குத் தூது அனுப்ப, போரொமகோட் மன்னன் உபாலி தேரர் தலைமையில் பிக்குகளை அனுப்பிவைத்தார். டச்சுக்காரர் கப்பலில் போனார்கள். 1753இல் கண்டியில் ஆரம்பித்ததுதான் சியாம் நிகாயம் என்ற பிக்குகள் சங்கப் பிரிவு. உபாலி இருந்த கோயில் வாட் தம்மாராம்.

இதற்கு முன்பே ஒரு கொடுக்கல் வாங்கல் உண்டு. மேலே சொன்ன வாட் யாய் சாய் மொங்கோன், இலங்கை மரபில் துறவேற்றுத் திரும்பிய பிக்குகளுக்காக 1357இல் ஊ தோங் அமைத்தது. வாங்கிய கடனை நானூறு வருடம் கழித்துத் திருப்பியிருக்கிறார்கள். அதற்குப் பதினாலு வருடத்தில் நகரமே எரிந்துபோயிற்று. நிகாயம் கண்டியில் தப்பியது.

சின்னதா ஒரு புத்தர் சிலை வாங்கிட்டு வரலாமா?

புத்தர் சிலையை நாட்டைவிட்டு வெளியே கொண்டுபோக நுண்கலைத் துறையின் அனுமதி வேண்டும், புதிதாகச் செய்ததானாலும். கழுத்தில் அணியும் சிறு தாயத்து மாதிரியானதற்குப் பொதுவாகத் தடை இல்லை. இடிபாட்டில் கிடக்கும் செங்கல் துண்டைக்கூட எடுக்காதீர்கள், அது குற்றம்.

கைடு கடை கடையா கூட்டிட்டுப் போறார். எப்படித் தப்பிக்கிறது?

மிகக் குறைந்த விலை டூரில் இது நடக்கும், கமிஷனில்தான் அவர்கள் கணக்கு சரியாகிறது. என் சிநேகிதி குடும்பத்தை ஒரு டூரில் நகைக்கடையில் முக்கால் மணி நேரம் உட்காரவைத்துவிட்டு, சன்பெட்டில் பதினைந்து நிமிடம் கொடுத்தார்கள். புக் செய்யும்போதே "கடை நிறுத்தம் வேண்டாம்" என்று எழுதி, சரி என்ற பதிலையும் வாங்குங்கள். அப்படியும் நின்றால் கைடிடம் தனியாக, சிரித்த முகத்தோடு சொல்லுங்கள். எல்லார் முன்னாலும் குரலை உயர்த்தினால் இந்த ஊரில் காரியம் அதோடு முடிந்தது.

டிப்ஸ் எவ்வளவு?

கட்டாயமில்லை. நன்றாகச் சொன்னவருக்கு ஒரு குடும்பம் நூறு, இருநூறு பாட் கொடுத்தால் மகிழ்வார். ஓட்டுநரை மறக்காதீர்கள்.

பர்மாக்காரங்க மேல இன்னும் கோபமா இருக்காங்களா? கைடுகிட்ட கேட்கலாமா?

கேட்கலாம், நல்ல கைடுக்கு பிடித்த கேள்வி. பள்ளிப் பாடத்தில் 1767 இன்னும் ஆறாத புண்தான். ஆனால் சன்பெட் பக்கத்தில் மொங்கோன் போபிட் விகாரை இருக்கிறதே, பெரிய வெண்கலப் புத்தர் இருக்குமிடம், அதை 1950களில் புதுப்பித்தபோது பர்மியப் பிரதமர் ஊ நூ நன்கொடை கொடுத்தார். அதையும் கைடிடம் கேளுங்கள். சொல்லும் விதத்திலேயே ஆளைத் தெரிந்துகொள்ளலாம்.

இன்றைய அரச குடும்பத்தைப் பற்றி மட்டும் விளையாட்டுக்குக்கூட ஒன்றும் கேட்காதீர்கள். சட்டம் கடுமை, கைடைச் சங்கடத்தில் மாட்டிவிடுவீர்கள். பழைய மன்னர்களின் அண்ணன் தம்பிச் சண்டையே ஒரு நாளைக்குப் போதும்.

திரும்பும்போது வாங்கிட்டு வர என்ன இருக்கு?

ரோத்தி சாய் மாய். ஊர் முஸ்லிம் குடும்பங்கள் செய்வது. கைக்குட்டை அளவு மெல்லிய ரொட்டி, இலைச்சாறு சேர்த்ததால் பச்சையாகவும் இருக்கும். அதற்குள் பஞ்சுமிட்டாய் மாதிரி, ஆனால் நூல் நூலாக நிற்கும் சர்க்கரை. ரொட்டி தனிப் பொட்டலம், நூல் தனிப் பொட்டலம், சாப்பிடும்போது சுருட்டிக்கொள்ளவேண்டும். ஊருக்குக் கொண்டுபோகிறேன் என்று பெட்டியில் வைக்காதீர்கள், ஈரக் காற்றில் நூலெல்லாம் கட்டியாகிவிடும். வேனிலேயே பிரித்துவிடுங்கள். டிரைவருக்கும் ஒன்று சுருட்டிக் கொடுங்கள்.